வின்னி ரீச்சரும் பதினொரு அப்பாக்களும்

செய்தி வந்தபோது நான் கொப்பன்ஹேகனுக்குப் பக்கத்தில், டோஸ்ட்ருப் நிலையத்தடியில், நான் ஓட்டும் பஸ்ஸின் கடைசித் தரிப்பில், ஏழு நிமிட ஓய்வில் இருந்தேன். கைபேசியில் ஸ்டெல்லாவின் பெயர் மூன்றாவது தடவையாக மின்னியது. மன்னார் ஸ்டெல்லாவை உங்களுக்குத் தெரியும். முதியோர் பராமரிப்பு வேலை, இஷொய்யில் ரீச்சரின் வீட்டுக்கு நேர் கீழே வீடு. வேலை நேரத்தில் யாருக்கும் தொலைபேசி எடுக்கிற ஆள் அல்ல.

"சிவா அண்ணை, ரீச்சர் போயிட்டா."

"எங்க போனவ?" என்று கேட்டேன். மடத்தனம்தான். ஆனால் எழுபத்தெட்டு வயதிலும் மாதத்துக்கு ஒருமுறை பெட்டியைக் கட்டிக்கொண்டு ஏதாவது ஒரு நாட்டில் பேசுவதற்குப் போய்க்கொண்டிருந்தவரைப் பற்றி 'போயிட்டா' என்றால் வேறு எதை நினைப்பது?

"ஆசுப்பத்திரியில, அண்ணை. விடிய. நித்திரையிலதான். உங்களுக்கு ஒரு கடிதம் வைச்சிருக்கிறா."

மாலையில் போய் வாங்கினேன். பென்சிலால், உருண்டை உருண்டையான தமிழில், ஓர் எழுத்துப்பிழையும் இல்லாமல் எழுதியிருந்தார். "சிவா, என்ர கல்வெட்டு நீர்தான் எழுத வேணும். முப்பத்தோராம் நாள் எல்லாருக்கும் சோறு குடுத்து, புத்தகமும் குடுக்க வேணும். இரவல் வரி ஒண்டும் வேண்டாம். புலம்பலுக்கு ஆர் எண்டு நீரே பாரும்."

ஸ்டெல்லாவின் குசினியில், அடுப்புக்குப் பக்கத்தில் நின்றபடி அதை இரண்டு தரம் வாசித்தேன். அழுகை வந்தது. சொல்ல வெட்கம், அழுகையோடு சேர்ந்து ஓர் உற்சாகமும் வந்தது. ரீச்சரோடு பழகிய எல்லோருக்கும் இந்த நோய் தெரியும். அவர் ஒரு வேலையைத் தந்தால் கால் தரையில் நிற்காது.

ஆனால் அந்தக் கடைசி வசனத்தில் என்னை நன்றாக மாட்டிவிட்டிருந்தார். ரீச்சருக்குக் கணவர் இல்லை, பிள்ளைகள் இல்லை, கூடப்பிறந்தவர்களும் இல்லை. புலம்பலை யார் பெயரில் எழுதுவது? நீங்கள் கையில் வைத்திருக்கும் இந்தப் புத்தகம் அச்சுக்குப் போக வேண்டிய நாளுக்கு நான்கு நாள் முன்புவரை அந்தப் பக்கம் வெறுமையாகத்தான் இருந்தது.

பேராசிரியர் வின்னிஃப்ரெட் ஷென், டேனிஷ்காரர்களுக்கு வெறும் வின்னி. கலிபோர்னியாவில், பேரிக்காய் பொதி செய்யும் கொட்டிலில் வேலை செய்த சீனத் தாய் தகப்பனுக்குப் பிறந்தவர். அமெரிக்காவின் மற்றக் கரைக்குப் போய் ஒப்பியல் இலக்கியம் படித்து, அங்கேயே பேராசிரியராகி, ஒரு வருடம் மட்டும் படிப்பிப்பதற்கென்று கொப்பன்ஹேகனுக்கு வந்தார். அந்த ஒரு வருடம் முப்பது வருடத்தைத் தாண்டியது. "குளிருக்கு ஒரு நல்ல உடுப்பு வாங்கினன், அதை விட்டிட்டுப் போக மனம் வரேல்லை" என்பார். எழுதத் தெரியாதவர்களுக்காகக் கடிதமும் விண்ணப்பமும் எழுதிக் கொடுத்தவர்களைப் பற்றி அவர் எழுதிய பெரிய நூலைப் பல நாடுகளில் பாடமாக வைத்திருக்கிறார்கள் என்பது எனக்கே அவருடைய இறுதிச் சடங்கில்தான் தெரியும். ஒப்பியல் இலக்கியம் என்றால் என்ன என்று ஒருமுறை ஸ்டெல்லாவிடம் கேட்டேன். "ரெண்டு புத்தகத்தைப் பக்கத்தில பக்கத்தில வைச்சு, மாறி மாறிப் பார்த்துச் சிரிக்கிற வேலை" என்றார். இன்றுவரை இதைவிட நல்ல விளக்கம் எனக்குக் கிடைக்கவில்லை.

இங்கே பிறந்த பிள்ளைகளுக்காக ஒரு வார்த்தை. கல்வெட்டு என்று நாங்கள் சொல்வது கல்லில் வெட்டுவது அல்ல. யாழ்ப்பாணத்தில் ஒருவர் இறந்தால் முப்பத்தோராம் நாள் சாப்பாட்டில் ஒரு சிறு புத்தகம் அச்சடித்துக் கொடுப்பார்கள். படம், வாழ்க்கை வரலாறு, இறந்த திதியைச் சொல்லும் ஒரு வெண்பா, பிறகு புலம்பல்கள். மனைவி புலம்பல், மகள் புலம்பல், மருமக்கள் புலம்பல், பேரர் புலம்பல் என்று ஒவ்வொருவரும் தன் வாயால் அழுவதுபோலப் பாட்டு வரும். அழுகிறவர் ஒருவர், எழுதுகிறவர் ஒருவர். டென்மார்க்கில் அந்த எழுதுகிற ஆள் நெடுங்காலமாக நான். பஸ் ஓட்டுவது தொழில். கடைசித் தரிப்பில் கிடைக்கும் ஏழு ஏழு நிமிடங்களில் புலம்பல் எழுதுவது எனக்குப் பிடித்த பைத்தியம்.

ஸ்டெல்லாவோடு வேலை செய்த ஒருவரின் தகப்பனுடைய முப்பத்தோராம் நாளுக்குத்தான் ரீச்சர் முதன்முதலாக வந்தார். கையால் சாப்பிட்டார், மோர்மிளகாயைக் கடித்துவிட்டுக் கண்ணீரோடு இன்னொன்று கேட்டார். சாப்பாடு முடிந்ததும் ஒரு விடயத்தைக் கவனித்தார். சனம் வடையை மறக்காமல் கைக்குட்டையில் சுற்றிக்கொண்டு போகிறது, புத்தகத்தை மேசையில் விட்டுவிட்டுப் போகிறது. ரீச்சர் எழும்பி மேசை மேசையாகப் போய் விட்டுப்போன புத்தகங்களையெல்லாம் பொறுக்கினார்.

"இதில மனைவி எழுதினது எது?" என்று டேனிஷில் ஸ்டெல்லாவைக் கேட்டிருக்கிறார்.

"மனைவி ஒண்டும் எழுதேல்லை. பஸ் ஓட்டுற சிவா அண்ணை எழுதினது."

ரீச்சர் இருந்த கதிரையிலிருந்து துள்ளி எழும்பினாராம். "மனைவி அழுவதை பஸ் ஓட்டுகிறவரா எழுதினார்!"

மறுநாளே என் பஸ்ஸில் முன் இருக்கையில் ஒரு குள்ளமான சீன அம்மா, மடியில் கொப்பியோடு. ஓட்டும்போது சாரதியோடு கதைக்கக் கூடாது என்ற விதியை அவர் அச்சொட்டாகக் கடைப்பிடித்தார். கடைசித் தரிப்பில் இயந்திரத்தை நிறுத்தியதுதான் தாமதம், "எத்தனை நிமிடம் இருக்கிறது?" என்று டேனிஷில் கேட்டார். ஏழு என்றேன். ஏழு நிமிடத்தில் பதினைந்து கேள்வி. மகள் புலம்பலில் மகளைக் கேட்டா எழுதுவீர்கள்? இல்லை. அவள் சொல்லாததை அவள் சொன்னதாக எழுதப் பயமில்லையா? இல்லை. பிறகு வாசிக்கும்போது அவள் என்ன செய்வாள்? அழுவாள். "அப்படியானால் அந்த இடத்தில் பேசுவது யார்?" என்றார். நேரம் முடிந்தது, பஸ்ஸை எடுத்தேன். அவர் இறங்கவில்லை. அன்று என்னோடு மூன்று சுற்று வந்தார்.

அறுபத்தாறு வயதில் தமிழ் படிக்கத் தொடங்கினார். படிப்பித்தது ஸ்டெல்லா. ஆனபடியால் பல்கலைக்கழகத் தமிழ் வரவில்லை, எங்கள் தமிழ்தான் வந்தது. மூன்று வருடத்தில் "ஓம், வாறன், பொறும்" என்று எங்களை அதட்டுகிற அளவுக்கு வந்துவிட்டார். யாருடைய எழுத்தை வாசித்தாலும் பென்சிலால் ஓரத்தில் ஒரே கேள்வி போடுவார்: "ஆர் கதைக்கிறது?" தன்னை வின்னி என்று கூப்பிடும்படி எத்தனையோ தரம் சொன்னார். எனக்கு வாய் வரவில்லை. பதினைந்து வயது மூத்தவரை எப்படிப் பெயர் சொல்வது? ரீச்சர் என்றேன். அது அப்படியே எல்லோர் வாயிலும் ஒட்டிக்கொண்டது.

இனி அந்த இஷொய் மண்டபக் கதை. அங்கே இருந்தவர்கள் சிரிக்க வேண்டாம்.

நான் எழுதிய கல்வெட்டுகள் அத்தனையையும் ரீச்சர் வீடு வீடாகப் போய்ச் சேர்த்தார். தொலைக்காட்சிக்குக் கீழேயும் சாமிப் படத்துக்குப் பின்னாலும் கிடந்த புத்தகங்கள். ஒரு சனிக்கிழமை, பிள்ளைகள் தமிழ் படிக்கிற மண்டபத்தில், தான் கண்டுபிடித்ததைச் சொல்லப்போவதாக எல்லோரையும் கூப்பிட்டார். நூறு பேராவது வந்தோம். நான் புதுச் சட்டை போட்டுக்கொண்டு முன்வரிசையில் இருந்தேன். புகழப்போகிறார் என்று நினைப்பு.

திரையில் இரண்டு வரிகளைப் போட்டார்.

வாசலிலே சப்பாத்தைத் திருப்பி வைத்தீர்
வழுக்காமல் நான்போக விழித்து நின்றீர்

"பதினொரு அப்பாக்கள்!" என்றார். குரல் நடுங்கியது, அவ்வளவு சந்தோசம். "பதினொரு கல்வெட்டில, பதினொரு மகள்மார் இதையே சொல்லி அழுகினம். வீட்டை விட்டு வெளிக்கிடுற மகளின்ர சப்பாத்தை அப்பா வாசல் பக்கம் திருப்பி வைக்கிறார். ஜப்பானில இப்பிடி ஒரு வழக்கம் இருக்கு. சீனாவில இல்லை. யாழ்ப்பாணத்தில இருக்கெண்டு இதுவரைக்கும் ஒருத்தரும் எழுதேல்லை. நான்தான் முதல் ஆள்! கட்டுரை அனுப்பியிட்டன்!"

சனம் ஆளையாள் பார்த்தது. பிறகு நடுவிலிருந்து ராஜி எழும்பினாள். அவளுடைய தகப்பனின் கல்வெட்டு அந்தப் பதினொன்றில் ஒன்று.

"ரீச்சர், எங்கட அப்பா செருப்பைத் தொட்டவரெண்டா அது எங்களுக்கு எறியத்தான்."

சிரிப்பு வெடித்தது. ஆனால் பின்னால் இன்னொருத்தி எழும்பினாள். "எங்கட புத்தகத்திலயும் இது இருக்கு. அப்பா கடைசி வரைக்கும் யாழ்ப்பாணத்தில, நான் இஞ்ச. அப்ப ஆர் என்ர சப்பாத்தைத் திருப்பினது?"

சிரிப்பு நின்றது. மூன்றாவது ஆள் கேட்கவே தேவையில்லை. நூறு தலை என் பக்கம் திரும்பியது. முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்தவன் நான்தானே. ஒரு நல்ல வரி அமைந்துவிட்டது, அவசரத்துக்கு எடுத்துப் போட்டேன், பிறகும் போட்டேன். ஒரு வீட்டுக் கல்வெட்டை இன்னொரு வீட்டார் திறந்து பார்க்கப் போகிறார்களா என்ற துணிவு. கலிபோர்னியாவிலிருந்து ஒரு சீன அம்மா வந்து எல்லாவற்றையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்ப்பார் என்று யார் கண்டது?

ராஜியின் குரல் உடைந்தது. "நான் அதை வாசிச்சு வாசிச்சு அழுதனான், அண்ணை. என்ர அப்பாவுக்கெண்டு நீங்கள் எழுதினது எண்டு நினைச்சு."

நான் நிலத்தைப் பார்த்தேன். மேடையில் ரீச்சர் திரையில் இருந்த அந்த இரண்டு வரியையும் திரும்பிப் பார்த்தார். பிறகு இரண்டு கையையும் தட்டினார். "நான் பிழை! முழுக்க முழுக்கப் பிழை! இது வழக்கம் இல்லை, இது ஒரு ஆள்!" அந்த மண்டபத்தில் அன்று சந்தோசப்பட்ட ஒரே சீவன் அவர்தான்.

என்னோடு ரயில் நிலையம்வரை நடந்து வந்தார். ரயில் மேடையில் ஒரு வாங்கில் அமர்ந்தோம். மூன்று ரயில் போனது, நான் ஏறவில்லை. இனி ஒரு வரியும் எழுதமாட்டேன் என்றேன். அவர் அதைக் காதில் வாங்காமல் தன் தகப்பனைப் பற்றிச் சொல்லத் தொடங்கினார்.

பேரிக்காய்க் கொட்டிலில் எழுதத் தெரிந்தவர் அவருடைய தகப்பன் ஒருவர்தானாம். ஞாயிற்றுக்கிழமைகளில் மற்றவர்கள் வரிசையில் நிற்பார்கள், ஊரில் இருக்கும் தாய்மாருக்குக் கடிதம் எழுதுவிக்க. தகப்பன் எல்லோருக்கும் கிட்டத்தட்ட ஒரே கடிதத்தையே எழுதுவார். 'அம்மா, உங்கள் முழங்கால் வலி எப்படி?' என்று எல்லாவற்றிலும் இருக்கும். ஒருநாள் ஒரு தாயிடமிருந்து பதில் வந்ததாம்: 'மகனே, எனக்கு முழங்கால் வலி ஒருநாளும் இருந்ததில்லை. ஆனால் நீ கேட்டது சந்தோசம்.'

"முழங்கால் வலி அப்பான்ர அம்மாவுக்கு, சிவா" என்றார் ரீச்சர். "அவவுக்கு அப்பா கடைசி வரைக்கும் கடிதம் எழுதேல்லை. சண்டை. அதால ஊரில இருக்கிற எல்லா அம்மாமாரிட்டையும் கேட்டார். நான் முப்பது வருஷம் இதைப்பற்றித்தான் எழுதினன், புத்தகம் போட்டன், பரிசும் வாங்கினன். பிறகு உம்மட வரியைப் பார்த்து வழக்கம் எண்டு நினைச்சன் பாரும்!" வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். பிறகு சட்டென்று என் பக்கம் திரும்பினார். "இப்ப சொல்லும். அது ஆற்ற சப்பாத்து?"

அப்போதுதான் சொன்னேன். என் பெண்சாதியிடம்கூட அதற்கு முன் சொன்னதில்லை. டென்மார்க்குக்கு வந்த புதிதில் கிரின்ஸ்டெட்டில் தொழிற்சாலை வேலை. பஸ் இல்லாத ஊர். மகள் மதுராவை அயல்வீட்டு டேனிஷ்காரர்தான் காரில் பாலர் பாடசாலைக்குக் கொண்டுபோவார், ஏழேகாலுக்கு மேல் ஒரு நிமிடம் நிற்கமாட்டார். அவளோ சப்பாத்துப் போடுவதற்குள் பனி உருகிவிடும். நான் ஆறு மணிக்கு வேலைக்குப் போகும்போது அவளுடைய பனிச் சப்பாத்து இரண்டையும் சூடாக்கிக்குப் பக்கத்தில், வாசலைப் பார்த்தபடி வைத்துவிட்டுப் போவேன். காலை விட்டால் அப்படியே ஓடலாம். 'விழித்து நின்றீர்' என்பது பொய். அவள் எழும்பும் நேரம் நான் தொழிற்சாலையில்.

"மகளுக்குத் தெரியுமோ?"

"அஞ்சு வயசு, ரீச்சர். எப்பிடி ஞாபகம் இருக்கும்?"

"கேட்டீரோ?"

"கேக்கேல்லை."

"கேளும்" என்றார். நாலாவது ரயிலில் என்னைப் பிடித்துத் தள்ளாத குறையாக ஏற்றிவிட்டார். நான் மகளைக் கேட்கவில்லை. நான் செத்தபிறகு அவள் எனக்காகச் சொல்ல வேண்டும் என்று ஆசைப்பட்டதை, பதினொரு வீட்டுப் பிள்ளைகளின் வாயில் போட்டுவிட்டேன் என்று எந்த முகத்தோடு சொல்வது?

ஒரு வருடத்துக்கு மேல் யாரும் என்னிடம் கல்வெட்டு கேட்கவில்லை. நியாயம்தான். ரீச்சர் அனுப்பிய கட்டுரையைத் திருப்பி எடுத்து, அந்த இடத்தில் தான் எப்படிப் பிழைவிட்டார் என்று புதிதாக ஒன்று எழுதினார். பல்கலைக்கழகத்தில் அதை வாசித்த அன்று என்னைக் கூட்டிப்போனார். வேலை முடிந்து பஸ் உடுப்போடு போனேன். தன்னை ஒரு பஸ் சாரதி வென்றுவிட்டார் என்று அவ்வளவு பெரிய படிப்பாளிகளுக்கு முன்னால் கைகொட்டிச் சொன்னார். "பிழை விட்டது நல்லதுதான். இனித்தான் படிக்கலாம்" என்று முடித்தபோது எல்லோரும் எழுந்து நின்று தட்டினார்கள். பின்வரிசையில் ராஜியும் நின்று தட்டினாள். ரீச்சர்தான் போய்க் கூட்டி வந்திருக்கிறார். அடுத்த வருடம் ராஜியின் தாய் போனபோது அவளே எனக்குத் தொலைபேசி எடுத்தாள். "அம்மாவுக்கும் எழுதுங்கோ, அண்ணை. ஆனா முதல்ல வந்திருந்து என்னைக் கேளுங்கோ." போயிருந்து கேட்டேன். அன்றிலிருந்து கேட்டுத்தான் எழுதுகிறேன்.

ரீச்சரின் வீட்டுக்குப் போயிருப்பவர்களுக்கு இன்னொன்றும் தெரியும். உள்ளே தேநீரும் வாக்குவாதமும் முடித்து வெளியே வந்தால் எங்கள் சப்பாத்துகள் எல்லாம் வாசலைப் பார்த்தபடி சோடி சோடியாக நிற்கும். எப்போது எழும்பிப் போனார், எப்போது குனிந்தார் என்று ஒருநாளும் கண்டதில்லை. இடுப்பு வலியோடு ஏன் இந்த வேலை என்று கேட்டால், "யாழ்ப்பாண வழக்கம் எண்டு நான் எழுதியிட்டன். பொய்யாப் போகக் கூடாது. ஒரு வழக்கம் எங்கையோ தொடங்கத்தானே வேணும்!" என்பார்.

சென்ற ஞாயிற்றுக்கிழமை இந்தப் புத்தக வேலைக்காக ஸ்டெல்லா, ராஜி, ரீச்சரின் பல்கலைக்கழகத்து நண்பர்கள் நாலைந்து பேர் டோஸ்ட்ருப்பில் எங்கள் வீட்டுக்கு வந்தார்கள். புலம்பலுக்கு யார் என்று இரண்டு மணித்தியாலம் கதைத்தோம். மாணவர் புலம்பல் போடலாம் என்றார் ஒருவர். அயலவர் புலம்பல் என்றார் ஸ்டெல்லா. எதுவும் எனக்கு ஒட்டவில்லை. ஒன்றும் முடிவாகாமல் எல்லோரும் எழும்பினார்கள். கதவடிக்குப் போனால், பன்னிரண்டு பதினான்கு சப்பாத்துகள், அத்தனையும் வாசலைப் பார்த்தபடி! ஸ்டெல்லா வாயைப் பொத்திக்கொண்டு அழத் தொடங்கினார்.

அன்று வீட்டுக்கு வந்திருந்த மகள் மதுரா கதவுக்குப் பக்கத்தில் நின்றாள். முப்பத்தாறு வயதுப் பொறியியலாளர். நான் தமிழில் கேட்டால் டேனிஷில் பதில் சொல்கிற பிள்ளை.

"ரீச்சரின்ர வீட்டில பார்த்ததோ?" என்று கேட்டேன்.

அவள் என்னைப் பார்த்தாள். தமிழில் சொன்னாள். "இல்லை அப்பா. நீங்கள் செய்ததுதானே. கிரின்ஸ்டெட்டில."

"உனக்கெப்பிடித் தெரியும்?"

"அம்மாவைக் கேட்டனான். தான் இல்லை எண்டவ. அப்ப வேற ஆர்?"

அவ்வளவுதான். முப்பது வருடமாக அவளுக்குத் தெரியும். 'கேளும்' என்று ரீச்சர் சொன்னது எதற்கென்று எனக்கு அன்றைக்குத்தான் புரிந்தது. வந்தவர்களை அனுப்பிவிட்டு உடனேயே மேசையடியில் எழுத உட்கார்ந்தேன். ஏழு நிமிடம்கூட எடுக்கவில்லை.

ரீச்சரின் புத்தகங்கள் பல்கலைக்கழகத்துக்குப் போகின்றன. கல்வெட்டுச் சேகரிப்பு ஸ்டெல்லாவிடம் இருக்கும். எனக்கென்று நான் வைத்துக்கொள்வது அவர் ஓரங்களில் எழுதிய அந்தக் கேள்வியை. இவ்வளவு காலமும் ஊரின் அழுகையெல்லாம் எழுதியவனுக்குக் கல்வெட்டில் ஒரு பக்கம் இருந்ததில்லை. இந்தப் புத்தகத்தின் கடைசிப் பக்கத்தில் அப்படி ஒன்று இருக்கிறது. தலைப்பு 'எழுதினவன் புலம்பல்'.

ஊரழவே வரியெழுதிக் கொடுத்து வந்தேன்
ஆரிதிலே கதைப்பதென்று கேட்டு நின்றீர்
வேறெவரின் குரலுமில்லை இன்று சொல்வேன்
வாசலிலே சப்பாத்தைத் திருப்பி வைத்தீர்

பன்னிரண்டாவது தடவை, ரீச்சர். இரவல் இல்லை. கதைக்கிறது நான்தான்.